டாக்டரிடம் கேளுங்கள்: வயல் வேலையும் உடம்பும்

இந்த இதழுக்கு விவசாயக் கூலி வேலை செய்கிறவர்களும் அவர்கள் வீட்டாரும் எழுதிய கடிதங்களை மட்டும் எடுத்துக்கொண்டேன். எல்லாவற்றுக்கும் இடமில்லை. உயிருக்கு ஆபத்தான விஷயங்களை முன்னால் வைத்திருக்கிறேன்.

டாக்டர் அம்மாவுக்கு வணக்கம். என் அப்பா கூலிக்கு மருந்தடிக்கப் போகிறார். அடித்துவிட்டு வரும் நாட்களில் தலைவலி, குமட்டல், கண் மங்கல் என்று படுத்துவிடுகிறார். போன வாரம் எச்சில் ஊறிக்கொண்டே இருந்தது, கை நடுங்கியது. ஒரு ஊசி போட்டுக்கொண்டு வந்து, "வெயில் சூடு, தூங்கினால் சரியாகிவிடும்" என்கிறார். இது சூடுதானா?
(ஒரு மகள்)

இல்லையம்மா. நீங்கள் எழுதியிருக்கும் அடையாளங்கள் பூச்சிமருந்து உடம்பில் ஏறியதற்கானவை. ஆர்கனோபாஸ்பேட், கார்பமேட் என்ற இரண்டு வகை மருந்துகள் நரம்புக்கும் தசைக்கும் நடுவில் வேலை செய்யும் ஒரு நொதியை முடக்கிவிடும். அந்த நொதி படுத்துவிட்டால் எச்சில், வியர்வை, கண்ணீர், சளி எல்லாம் கட்டுப்பாடில்லாமல் சுரக்கும். வயிற்றைப் புரட்டும், பேதியாகும், தசை துடிக்கும். கண்ணின் பாவை ஊசிமுனை அளவுக்குச் சுருங்கிவிடும். கண் மங்குவது அதனால்தான். அடுத்த முறை அப்பா மங்கலாகத் தெரிகிறது என்றால் வெளிச்சம் குறைந்த இடத்தில் அவர் கண்ணைப் பாருங்கள். சாதாரணமாக அங்கே பாவை விரிந்திருக்க வேண்டும். சிறு புள்ளியாகவே நின்றால் காத்திருக்காதீர்கள். மூச்சு வாங்கினாலோ, நெஞ்சில் கரகரப்பு இருந்தாலோ, பேச்சு குழறினாலோ அரை மணி நேரம்கூடத் தாமதிக்கக் கூடாது. அட்ரோபின் என்ற மாற்றுமருந்து இருக்கிறது. நேரத்தோடு கொடுத்தால் உயிரைக் காப்பாற்றும்.

புறப்படும் முன் இரண்டு காரியம். நனைந்த துணி முழுவதையும் கழற்றிவிட்டு, தலைமுடி உட்பட உடம்பைச் சோப்புப் போட்டு நிறையத் தண்ணீரில் கழுவுங்கள். கழுவுகிறவர் கையுறை போட்டுக்கொள்ள வேண்டும், இல்லாவிட்டால் அவருக்கும் ஏறும். மயக்கமாக இருந்தால் இடப்பக்கமாக ஒருக்களித்துப் படுக்க வையுங்கள். வாந்தி எடுக்க வைக்காதீர்கள், எதையும் குடிக்கக் கொடுக்காதீர்கள். அப்புறம், அடித்த மருந்தின் டப்பாவையோ அதன் லேபிளையோ கொண்டுபோங்கள். போனில் படம் எடுத்தாலும் போதும். எந்த மருந்து என்று தெரியாமல் சிகிச்சை தொடங்கும்போதுதான் நேரம் வீணாகிறது. நிலத்துக்காரர் இரண்டு மூன்று மருந்தைக் கலந்து கொடுத்திருந்தால் எல்லா டப்பாவும் வேண்டும்.

"முகத்தில் துண்டு கட்டிக்கொண்டுதானே அடித்தேன்" என்று என்னிடம் வரும் எல்லோரும் சொல்கிறார்கள். மருந்தடிப்பவர்களுக்கு விஷம் பெரும்பாலும் தோல் வழியாகத்தான் போகிறது. உடம்பின் எல்லாத் தோலும் ஒன்றல்ல. முன்கையைவிட உச்சந்தலை வழியாக ஏறக்குறைய நான்கு மடங்கும், பிறப்புறுப்புப் பகுதியின் தோல் வழியாகப் பத்து மடங்குக்கும் மேலாகவும் மருந்து உள்ளே இறங்குவதைப் பாரத்தியான் என்ற பூச்சிமருந்தை வைத்து 1971லேயே அளந்து காட்டியிருக்கிறார்கள். முதுகில் மாட்டிய டேங்கின் மூடி சரியாக இறுகாமல், குனியும்போதெல்லாம் மருந்து முதுகில் வழிந்து இடுப்புத் துணியை நனைக்கிறது. அந்த ஈரத்தோடு சாயங்காலம் வரை நிற்கிறார்கள். முகத்துண்டும் நனைந்துவிட்டால் அது மூக்கின் மேல் ஒட்டிய மருந்துப் பஞ்சுதான்.

அப்பாவிடம் இதைக் கேளுங்கள்: தெளிப்பானின் முனை (நாசில்) அடைத்துக்கொண்டால் வாயால் ஊதுகிறாரா? பாதிப் பேர் ஊதுகிறார்கள். அதற்கு ஒரு பழைய பல்துலக்கும் பிரஷ்ஷும் கொஞ்சம் தண்ணீரும் போதும். மருந்தைக் கலக்கும்போது குச்சியால் கலக்குகிறாரா, கையாலா? நீர்க்காத மருந்து கையில் படும் அந்த ஐந்து நிமிடம், நாள் முழுக்க அடிப்பதைவிட ஆபத்தாக முடியலாம். கையுறை ஒரே ஒரு ஜோடிதான் கிடைக்கும் என்றால் கலக்கும் நேரத்துக்கு அதை வைத்துக்கொள்ளச் சொல்லுங்கள். காற்று முதுகுப் பக்கமிருந்து வர வேண்டும். தெளித்த இடத்துக்குள் முன்னேறி நடக்கக் கூடாது. மருந்தடித்த துணியைக் குழந்தைகள் துணியோடு சேர்த்து ஊற வைக்காதீர்கள். காலி டப்பாவைக் கழுவித் தண்ணீர் பிடிக்கவும் வேண்டாம்.

2017இல் மகாராஷ்டிராவின் யவத்மால் மாவட்டத்தில் பருத்திக்கு மருந்தடித்தவர்களில் 20 பேருக்கும் மேல் இறந்தார்கள். நூற்றுக்கணக்கானவர்கள் ஆஸ்பத்திரியில் சேர்ந்தார்கள். அந்த வருடம் செடி ஆள் உயரத்துக்கு வளர்ந்திருந்தது. தலைக்கு மேலே அடித்ததெல்லாம் முகத்திலும் கண்ணிலும் விழுந்தது. விசைத்தெளிப்பான், கலவை மருந்து, பாதுகாப்பு உடை இல்லாமை எல்லாம் சேர்ந்துகொண்டன. இறந்தவர்களில் சொந்த நிலமே இல்லாமல் கூலிக்கு அடித்தவர்களும் உண்டு.

கடைசியாக ஒன்று. ஆர்கனோபாஸ்பேட் மருந்தால் இந்த நொதி ஒருமுறை முடங்கினால் பழைய நிலைக்குத் திரும்ப வாரக்கணக்கில் ஆகும். இன்று ஏறியது முழுவதும் சரியாகும் முன்னே நாளை மறுநாள் மறுபடி ஏறினால், வழக்கத்தைவிடக் குறைந்த மருந்தே ஆளைச் சாய்த்துவிடும். அதனால் அப்பா இப்போது சில வாரங்களாவது மருந்தடிக்கக் கூடாது. கூலி போகும் என்று எனக்குத் தெரியும். களை வெட்டவோ, அறுப்புக்கோ, வேறு வேலைக்கோ போகட்டும். இந்த நொதியின் பெயர் கோலினெஸ்டரேஸ். இரத்தத்தில் அதன் அளவைப் பார்க்கும் சோதனை பெரிய ஆஸ்பத்திரிகளில் உண்டு. அந்தப் பெயரைச் சொல்லியே கேளுங்கள்.

நாங்கள் மருந்தடிப்பதில்லை, களைதான் எடுக்கிறோம். காலையில் மருந்தடித்த வயலில் மதியமே இறங்கச் சொல்கிறார்கள். மருந்து காய்ந்துவிட்டது என்கிறார்கள். போகலாமா?
(களையெடுக்கும் பெண்கள் சிலர்)

வேண்டாம். இலையில் காய்ந்தது தோலில் வியர்வை பட்டதும் மறுபடி கரையும். அடித்தபின் எத்தனை நேரம் கழித்து வயலில் இறங்கலாம் என்பது மருந்துக்கு மருந்து மாறும். 12 மணி, 24 மணி, 48 மணி, சிலவற்றுக்கு நாட்கணக்கில். லேபிளைப் படிக்கத் தெரிந்த ஒருவர் குழுவில் இருந்தால் அவரிடம் அந்த வேலையைக் கொடுங்கள். பல நாடுகளில் லேபிளில் நிற அடையாளமும் உண்டு. சிவப்பு, மஞ்சள், நீலம், பச்சை என்ற வரிசையில் நச்சு குறையும். பச்சை என்பதால் ஆபத்தே இல்லை என்று எடுத்துக்கொள்ளாதீர்கள். உங்களில் கர்ப்பிணி யாராவது இருந்தால், பால் கொடுக்கும் தாய் இருந்தால், அவரை அன்று அந்த வயலில் இறக்கவே கூடாது. இதில் நீங்கள் தனியாகப் பேசினால் எடுபடாது, நாலு பேராகச் சேர்ந்து சொல்லுங்கள்.

எனக்கு வயது 34. பத்து வருஷத்துக்கு மேலாகக் கரும்பு வெட்டுகிறேன். சுகர், பிரஷர் எதுவும் இல்லை. களைப்பாக இருக்கிறதென்று இரத்தம் பார்த்தபோது, கிட்னி வெளியேற்ற வேண்டிய கிரியேட்டினின் என்ற கழிவு 2.1 என்று வந்தது. கிட்னி பழுதாகிறது என்றார்கள். எனக்கு எப்படி இது வரும்? தினமும் வலி மாத்திரை போட்டுத்தான் வேலைக்குப் போகிறேன். வாரம் ஒரு முறை குளுக்கோஸ் ஏற்றிக்கொண்டால் சரியாகுமா?
(கரும்பு வெட்டும் தொழிலாளி)

தம்பி, முதலில் அந்த வலி மாத்திரையை இன்றே நிறுத்துங்கள். டைக்ளோஃபெனாக், அசிக்ளோஃபெனாக், ஐபுபுரூஃபென் எல்லாம் சிறுநீரகத்துக்குள் போகும் இரத்த ஓட்டத்தைக் குறைப்பவை. தண்ணீர் வற்றிய உடம்பில் அதே மாத்திரை இரண்டு மடங்கு கெடுதல். வலி தாங்க முடியாவிட்டால் பாராசிட்டமால் போடலாம், அதையும் அளவோடு.

சுகரும் பிரஷரும் இல்லாத வாலிபருக்கு எப்படிக் கிட்னி போகும் என்ற உங்கள் கேள்வியை எல் சல்வடார் நாட்டு டாக்டர்களும் கேட்டார்கள். தலைநகரின் பெரிய ஆஸ்பத்திரிக்கு டயாலிசிஸுக்கு வந்தவர்களில் பெரும்பகுதியினருக்கு வழக்கமான காரணம் எதுவும் இல்லை. விசாரித்தால் கடற்கரையோரச் சமவெளிகளில் வயல் வேலை செய்த ஆண்கள். 2002இல் அதை எழுதி வெளியிட்டார்கள். பக்கத்து நிகரகுவாவின் கரும்புத் தோட்டங்களில் அதே நோய். இலங்கையில் அநுராதபுரம், பொலன்னறுவை பக்கத்து நெல் விவசாயிகளிடம், ஆந்திராவின் உத்தானம் பகுதியில், இதே போன்ற சிறுநீரக நோய். காரணம் ஒன்றுதானா, பலதா என்ற விவாதம் இன்னும் நடக்கிறது. தண்ணீர், விவசாய இரசாயனம் எல்லாவற்றையும் ஆராய்கிறார்கள். கரும்பு வெட்டுகிறவர்களைப் பொறுத்தவரை வெயிலும் நீர் வற்றுவதும்தான் பெரிய குற்றவாளிகள் என்பதில் எனக்குச் சந்தேகமில்லை. வேலை இடத்துச் சூட்டால் 2.62 கோடிப் பேர் நாள்பட்ட சிறுநீரக நோயோடு வாழ்கிறார்கள் என்று சர்வதேசத் தொழிலாளர் அமைப்பு 2024இல் கணக்கிட்டிருக்கிறது.

நடப்பது இதுதான். கொளுத்தி விட்ட கரும்பை வெட்டும்போது உடம்புக்குள்ளும் சூடு ஏறுகிறது. டன் கணக்கில் கூலி என்பதால் நடுவில் நிற்க மனசு வராது. தசை இழை கொஞ்சம் கொஞ்சமாக உடைந்து அந்தக் கழிவும் சிறுநீரகத்துக்கு வருகிறது. கழுவித் தள்ளத் தண்ணீர் இல்லை. ஒவ்வொரு நாளும் சின்னதாக ஒரு காயம். இரவில் ஆறாமலே மறுநாள் மறுபடி. வலிக்காது, வீங்காது. சிறுநீர் கடுத்துப் போகும், அதைச் 'சூட்டுக்கடுப்பு' என்று விட்டுவிடுவோம். தெரிய வரும்போது பாதிக்கு மேல் போயிருக்கும்.

குளுக்கோஸ் விஷயம். அரை லிட்டர் பாட்டிலில் 25 கிராம் சர்க்கரைதான் இருக்கிறது, ஐந்து டீஸ்பூன். மீதி தண்ணீர். அதை நரம்பு வழியாக வாரம் ஒருமுறை ஏற்றுவதால் உங்கள் கிட்னி ஒரு துளியும் தேறாது. அந்தக் காசை வைத்து மறுபடி கிரியேட்டினின் பாருங்கள், சிறுநீரில் புரதம் போகிறதா பாருங்கள், வயிற்று ஸ்கேன் எடுங்கள். இந்த மூன்றோடும் சிறுநீரக மருத்துவரைப் பாருங்கள். அவரிடம் "கூலி வேலை" என்று பொதுவாகச் சொல்லாதீர்கள். கரும்பு வெட்டுகிறேன், இத்தனை மணி நேரம் வெயிலில் நிற்கிறேன், இந்த மாத்திரையை இத்தனை வருஷமாகப் போட்டேன் என்று வரிசையாகச் சொல்லுங்கள்.

கரும்பு வெட்டுவதை விட்டுவிட முடியுமானால் விட்டுவிடுங்கள். முடியாது என்றால் விடியும் முன் தொடங்கி, வெயில் ஏறும் முன் நிறுத்துங்கள். கால் மணி முதல் இருபது நிமிடத்துக்கு ஒரு தம்ளர் தண்ணீர், தாகம் எடுத்தாலும் எடுக்காவிட்டாலும். ஒரே மூச்சில் மொடாக்கணக்கில் குடிக்க வேண்டாம். மணிக்கு ஒன்றரை லிட்டருக்கு மேல் போனால் இரத்தத்தில் உப்பு குறைந்து அது வேறு ஆபத்து. பாட்டில் குளிர்பானம் தண்ணீருக்கு மாற்று ஆகாது. சிறுநீரகம் பழுதானவருக்குப் பிற்பாடு தண்ணீரின் அளவே மாறலாம், அதை உங்கள் டாக்டர்தான் சொல்ல வேண்டும். நிழலில் உட்கார்வதைச் சோம்பலாக நினைக்காதீர்கள். நிகரகுவாவில் ஒரு சர்க்கரை ஆலை நிழல், தண்ணீர், கட்டாய ஓய்வு மூன்றையும் வெட்டு நடக்கும் இடத்துக்கே கொண்டுபோனபோது, கொளுத்திய கரும்பு வெட்டுகிறவர்களிடம் புதிதாகச் சிறுநீரகம் காயப்படுவது குறைந்ததை அளந்து பதிவு செய்திருக்கிறார்கள்.

உங்கள் குழுவில் வெட்டும் மற்றவர்களையும் ஒரு முறை கிரியேட்டினின் பார்க்கச் சொல்லுங்கள். பருவம் தொடங்கும் முன் ஒன்று, முடிந்தபின் ஒன்று. உங்களுக்கு வந்தது உங்களுக்கு மட்டும் வந்திருக்க வாய்ப்பில்லை.

வேலை செய்யும் இடத்தில் ஒதுங்க இடமில்லை. அதனால் காலையிலிருந்து தண்ணீரே குடிக்க மாட்டோம். எனக்கு நீர்க்கடுப்பு, வெள்ளைப்படுதல் அடிக்கடி வருகிறது. பார்த்த இடத்தில் கர்ப்பப்பையை எடுத்துவிட்டால் தொல்லை இருக்காது என்கிறார்கள். எனக்கு 29 வயது, இரண்டு குழந்தைகள். மேஸ்திரியும் எடுத்துவிட்டால் லீவு போட வேண்டியதில்லை என்கிறார். எடுத்துவிடலாமா?
(பெயர் வேண்டாம்)

எடுக்காதீர்கள் தங்கச்சி. இதைத் தயங்காமல் சொல்கிறேன். வெள்ளைப்படுதலுக்கு மாத்திரை உண்டு. நீர்க்கடுப்புக்குச் சிறுநீர்ப் பரிசோதனையும் சில நாட்கள் மருந்தும் போதும். இரண்டுக்கும் கர்ப்பப்பையை எடுப்பது வைத்தியமே இல்லை. எடுத்தாலும் நீர்க்கடுப்பு நிற்காது. நீங்கள் தண்ணீர் குடிக்காமல் இருப்பதும் அடக்கி வைத்திருப்பதும்தான் அதற்குக் காரணம். 29 வயதில் எடுத்தால் மாதவிடாய் முற்றும் காலம் முன்கூட்டியே வர வாய்ப்பு அதிகம். சினைப்பையையும் சேர்த்து எடுத்துவிட்டால் உடனே வந்துவிடும். எலும்பு தேயும், முதுகு விடும், உடம்பு எரியும். அந்த முதுகோடு நாற்பது வயதில் எப்படிக் குனிந்து வேலை செய்வீர்கள்?

மகாராஷ்டிராவின் பீட் மாவட்டத்திலிருந்து கணவனும் மனைவியுமாக ஒரு ஜோடி என்று கணக்கு வைத்துக் கரும்பு வெட்ட அழைத்துப்போவார்கள். ஒரு நாள் வராவிட்டால் அபராதம். மாதவிடாய் என்றாலும் அபராதம். அந்த மாவட்டத்தில் மூன்று ஆண்டுகளில் 4,605 பெண்களுக்குக் கர்ப்பப்பை எடுக்கப்பட்டதாக 2019இல் மாநிலச் சட்டமன்றத்திலேயே கணக்குச் சொன்னார்கள். அதில் இளம் பெண்கள் எத்தனையோ பேர். அதன்பிறகுதான் அரசு விசாரணைக் குழு போட்டது. உங்களிடம் மேஸ்திரி சொன்ன வார்த்தையைப் படித்ததும் எனக்கு அந்தப் பெண்கள்தான் நினைவுக்கு வந்தார்கள். உங்கள் உடம்பிலிருந்து எதை எடுப்பது என்று சொல்ல அவர் யார்?

செய்ய வேண்டியது: ஒரு அரசு மருத்துவமனையில் பெண் மருத்துவரிடம் சிறுநீர்ப் பரிசோதனையும் உள் பரிசோதனையும் செய்துகொள்ளுங்கள். கர்ப்பப்பை வாய்ப் புற்றுநோய்க்கான பரிசோதனையையும் அதோடு கேளுங்கள், உங்கள் வயதில் பார்த்துக்கொள்வது நல்லது. வெள்ளைப்படுதலுக்கு மருந்து கொடுத்தால் தேவைப்பட்டால் கணவருக்கும் சேர்த்துக் கொடுப்பார்கள், அவரும் போட வேண்டும். ஆபரேஷன்தான் என்று யாராவது மறுபடி சொன்னால், என்ன நோய் என்று எழுதித் தரச் சொல்லி இன்னொரு டாக்டரிடம் காட்டுங்கள்.

அமெரிக்காவில் 1987இல் வந்த ஒரு விதி, 11 பேரோ அதற்கு மேலோ வேலை செய்யும் வயலில் 20 பேருக்கு ஒரு கழிப்பறையும் கை கழுவும் இடமும், கால் மைல் நடைக்குள் இருக்க வேண்டும் என்கிறது. நாலு கம்பும் ஒரு தார்ப்பாயும் ஒரு குழியும் இருந்தால் எந்த வயலிலும் மறைப்பு கட்டிவிடலாம். பெண்களை நாள் முழுக்கத் தாகத்தோடு வைத்திருக்கும் இந்தக் கொடுமைக்குச் செலவு ஒரு காரணமே இல்லை.

நடவு முடிந்த வாரத்திலேயே கணவருக்குக் கடும் காய்ச்சல். கெண்டைக்காலில் தொடவே முடியாத வலி, கண் சிவந்திருக்கிறது. காலில் சேற்றுப்புண் உண்டு. காய்ச்சல் மாத்திரை போதுமா?
(ஒரு வாசகி)

போதாது. எலிக்காய்ச்சலாக இருக்கலாம். எலியின் சிறுநீர் கலந்த தண்ணீரிலிருந்து கிருமி சேற்றுப்புண் வழியாகவும் வெடிப்பு வழியாகவும் உள்ளே போகும். தொடக்கத்தில் டாக்சிசைக்ளின் போன்ற சாதாரண மருந்துக்கே கேட்கும். விட்டுவிட்டால் கண் மஞ்சளாகி, சிறுநீர் குறைந்து, கல்லீரலும் சிறுநீரகமும் சேர்ந்து பழுதாகும். இன்றைக்கே போய் "சேற்றில் நின்று வேலை செய்கிறவர்" என்று சொல்லுங்கள். அந்த ஒரு வரியைக் கேட்டால் டாக்டரின் யோசனை வேறு பக்கம் போகும். உடம்பில் எங்காவது சிகரெட்டால் சுட்டது போலக் கறுத்த புண் இருக்கிறதா என்றும் பாருங்கள், அக்குள், தொடை இடுக்கு உட்பட. இருந்தால் உண்ணிக்காய்ச்சல். அதுவும் அதே மருந்தில் சரியாகும்.

பாம்பு கடித்தால் கயிறு கட்டலாமா?
(பலர்)

கட்டாதீர்கள். கீறவும் வேண்டாம், உறிஞ்சவும் வேண்டாம். கடிபட்ட கையையோ காலையோ அசைக்காமல் குச்சி வைத்துத் துணியால் தாங்கலாகக் கட்டி, நடக்க விடாமல் தூக்கிப்போங்கள். மோதிரம், கொலுசு எல்லாவற்றையும் வீங்கும் முன் கழற்றிவிடுங்கள். பாம்பைத் தேடி நேரத்தைப் போக்காதீர்கள். விஷமுறிவு மருந்து எந்த ஆஸ்பத்திரியில் இருக்கிறது என்று அறுவடை தொடங்கும் முன்பே விசாரித்து வையுங்கள். உலகத்தில் வருடத்துக்கு 81,000 முதல் 1,38,000 பேர் வரை பாம்புக்கடியில் இறக்கிறார்கள். உலக சுகாதார நிறுவனம் இதைக் கவனிக்கப்படாத நோய்களின் பட்டியலில் 2017இல்தான் சேர்த்தது. கட்டுவிரியன் கடித்தால் வலியோ வீக்கமோ இருக்காது. தரையில் படுத்தவர் விடியற்காலையில் வயிற்றுவலி என்று எழுந்து, இமை தொங்கினால், கடித்த தடம் தெரியாவிட்டாலும் உடனே கொண்டுபோங்கள்.

எனக்குச் சொந்த நிலம் இருக்கிறது. பத்துப் பதினைந்து பேர் வேலைக்கு வருகிறார்கள். போன கோடையில் புதிதாக வந்த பையன் ஒருவன் வெயிலில் சுருண்டு விழுந்துவிட்டான், பிழைத்துக்கொண்டான். நான் என்ன செய்திருக்க வேண்டும்?
(ஒரு விவசாயி)

கேட்டதற்கு நன்றி ஐயா. புதிதாக வந்தவன் என்பதுதான் முக்கியமான துப்பு. உடம்பு வெயிலுக்குப் பழக ஒரு வாரம் முதல் இரண்டு வாரம் ஆகும். வேலை இடத்தில் வெயிலால் இறப்பவர்களில் பெரும்பாலோர் வேலைக்கு வந்த முதல் சில நாட்களிலேயே இறக்கிறார்கள். அதனால் புது ஆளுக்கு முதல் நாள் ஐந்தில் ஒரு பங்கு வேலைதான் வெயிலில். அடுத்தடுத்த நாள் கொஞ்சம் கொஞ்சமாகக் கூட்டுங்கள். நோயில் படுத்து இரண்டு வாரம் கழித்து வரும் பழைய ஆளும் புது ஆள் மாதிரிதான். கூலியை மட்டும் முழுதாகக் கொடுத்துவிடுங்கள். கொடுக்காவிட்டால் அவன் நிற்க மாட்டான், முதல் நாளே முழு வேலையும் பார்த்துவிடுவான்.

விழுந்தவன் உளறினாலோ, கூப்பிட்டால் தெளிவாகப் பதில் சொல்லாவிட்டாலோ அது வெப்பத்தாக்கு. ஆம்புலன்ஸுக்குச் சொல்லிவிட்டு, அது வரும் வரை சும்மா இருக்காமல் குளிர வையுங்கள். நிழலில் போட்டு, துணியைத் தளர்த்தி, பம்புசெட் தண்ணீரைத் தலை முதல் கால் வரை ஊற்றிக்கொண்டே விசிறுங்கள். தண்ணீர்த் தொட்டி பக்கத்தில் இருந்தால் தலையைத் தாங்கிப் பிடித்துக்கொண்டு கழுத்து வரை உள்ளே இறக்குங்கள். ஆஸ்பத்திரிக்குப் போய்க் குளிர வைக்கலாம் என்று தள்ளிப்போட்ட நிமிடங்களில்தான் மூளை கெடுகிறது. உளறுகிறவன் வாயில் தண்ணீர் ஊற்றாதீர்கள்.

மற்றபடி, தண்ணீர்க் குடம் வரப்பின் மறுகோடியில் இருந்தால் யாரும் போய்க் குடிக்க மாட்டார்கள். வேலை நகர நகரக் குடமும் நகர வேண்டும். ஒரு லிட்டர் நல்ல தண்ணீருக்கு ஆறு டீஸ்பூன் சர்க்கரை, அரை டீஸ்பூன் உப்பு. வியர்த்துக் கொட்டும் நாளில் இந்தக் கரைசலையும் ஒரு குடத்தில் வையுங்கள். மரம் இல்லாத வயலில் நாலு பேர் உட்காரும் அளவுக்கு ஒரு பந்தல் போடுங்கள். கலிபோர்னியாவில் 2005இல் தண்ணீரும் நிழலும் ஓய்வும் கொடுத்தே ஆக வேண்டும் என்று சட்டம் வந்தது, அதுவும் வயலில் ஆட்கள் செத்தபிறகுதான். அதே மாநிலத்தில் குட்டைப் பிடி போட்ட களைக்கொத்தை 1975இல் தடை செய்தார்கள், அதை வைத்து நாள் முழுக்கக் குனிந்தே வேலை செய்தவர்களின் முதுகெலும்பு வாழ்நாளுக்கும் போய்விட்டது என்பதால். உங்கள் வயலில் இருக்கும் களைக்கொத்தின் பிடியை ஒருமுறை பாருங்கள். நின்றபடி வெட்டக்கூடிய வேலைக்கு நீளப் பிடி போட்டுக் கொடுங்கள்.

உங்கள் இடத்தில் ஒருவருக்கு உடம்பு முடியாமல் போனால், ஆஸ்பத்திரிக்குப் போகும் அரை நாள் கூலியைப் பிடிக்காதீர்கள். நான் கேட்பதில் எல்லாவற்றையும்விடப் பெரியது இதுதான்.

நான் ஒரு கிராமச் செவிலியர். கூலி வேலை செய்பவர்கள் நோய் முற்றிய பிறகுதான் வருகிறார்கள். எவ்வளவு சொன்னாலும் கேட்பதில்லை. இந்த அலட்சியத்தை எப்படி மாற்றுவது மேடம்?
(செவிலியர்)

அலட்சியம் என்று எழுதாதீர்கள் சிஸ்டர், மனசுக்குக் கஷ்டமாக இருக்கிறது. உங்கள் நிலையம் எத்தனை மணிக்குத் திறக்கிறது? அவர்கள் எத்தனை மணிக்கு வயலுக்குப் போகிறார்கள்? நீங்கள் திறக்கும்போது அவர்கள் சேற்றில் நிற்கிறார்கள், அவர்கள் கரையேறும்போது உங்கள் கதவு பூட்டியிருக்கிறது. சிகிச்சை இலவசமாகவே இருக்கட்டும், வர வேண்டுமென்றால் ஒரு நாள் கூலி போகிறது, வண்டிச் செலவு ஆகிறது, வந்தால் "நாளை வாருங்கள், லேப் ஆள் இல்லை" என்கிறார்கள். இன்னொரு நாள் கூலியும் போகிறது. ஊர் விட்டு ஊர் வந்து வேலை செய்கிறவர்களிடம் அட்டை கேட்கிறோம், அட்டை அவர்கள் சொந்த ஊரில் இருக்கிறது. மூன்றாவது முறை அவர்கள் வராமல், சாயங்காலம் ஏழு மணிக்குத் திறந்திருக்கும் இடத்தில் ஊசி போட்டுக்கொள்கிறார்கள். அவர்கள் இடத்தில் நான் இருந்தாலும் அங்கேதான் போவேன்.

வாரத்தில் இரண்டு நாளாவது சாயங்காலம் திறந்து வைக்க உங்கள் மருத்துவ அதிகாரியிடம் எழுதிக் கேளுங்கள். நடவு, அறுப்புக் காலத்தில் மட்டுமாவது கேளுங்கள். முதல் வருகையிலேயே இரத்தமும் சிறுநீரும் எடுத்துவிடுங்கள், முடிவைப் போனில் சொல்லுங்கள். பிரஷர் மாத்திரை, சுகர் மாத்திரையை ஒரு மாதத்துக்கு மொத்தமாகக் கொடுங்கள். பிரஷர் பார்க்கும் கருவியை எடுத்துக்கொண்டு அவர்கள் ஓய்வெடுக்கும் நேரத்தில் வரப்புக்கே போக முடியுமா பாருங்கள்.

அப்புறம், நோட்டில் 'தொழில்' என்ற கட்டத்தில் எல்லோருக்கும் 'கூலி' என்று எழுதுகிறோம். அதை விட்டுவிட்டு, கரும்பு வெட்டு, மருந்தடிப்பு, நடவு, புகையிலை பறிப்பு என்று எழுதுங்கள். காலையில் பனி ஈரத்தோடு புகையிலை பறித்தவனுக்கு வாந்தியும் தலைசுற்றலும் வந்தால் அது இலையின் நிகோடின் தோல் வழியாக ஏறியது. 'கூலி, வாந்தி' என்று எழுதியிருந்தால் வயிற்றுக்கோளாறுக்கு மருந்து கொடுத்து அனுப்பிவிடுவோம், மறுநாள் மறுபடி அதே ஈர இலையில் நிற்பான். ஒரு பருவம் இப்படி எழுதிவிட்டு நோட்டைப் புரட்டிப் பாருங்கள். எந்தத் தோட்டத்திலிருந்து, எந்த மாதத்தில், எந்த வேலைக்கு என்ன வருகிறது என்று வரிசையாகத் தெரியும். அதில் ஒரு நகலை உங்கள் மாவட்டச் சுகாதார அலுவலகத்துக்கு அனுப்புங்கள், இன்னொன்றை எனக்கு அனுப்புங்கள்.